பதினோரு மூச்சு

தோயனின் சவரக் கடையில் இரண்டு நாற்காலிகள். ஒன்று தெருவைப் பார்த்துப் போட்டது, இன்னொன்று மலையைப் பார்த்துப் போட்டது. மலையைப் பார்த்ததற்கு ஒரு கால் குட்டை, அசைந்தால் ஆடும், கத்தி பிடித்தவன் முன்னால் ஆடுகிற நாற்காலியில் யார் உட்காருவார்கள், அதனால் உள்மலை ஊரில் பாதிப் பேர் தெருவைப் பார்த்தபடியே மழித்துக்கொண்டு போனார்கள். நன்னன் நேராகப் போய் ஆடுகிற நாற்காலியில் உட்கார்ந்தான். "அண்ணே, அது ஆடும், இங்க வாங்க" என்றான் தோயன். "ஆடட்டும்" என்றான் நன்னன். பத்து நாள் மழை விட்டு, மூன்று நாளாகக் கல் வேர்த்துக்கொண்டிருந்தது. வீட்டுச் சுவர், படிக்கட்டு, கிணற்றுக் கட்டு, எதில் கை வைத்தாலும் பிசுபிசுவென்று ஈரம் ஒட்டியது. கல் வேர்த்தால் ஊடொளி வரும். வரலாம். வராமலும் போகலாம், ஆறு வருடத்துக்கு முன்பு பன்னிரண்டு நாள் வேர்த்துவிட்டுச் சும்மா காய்ந்துபோனது. இந்தத் தடவையும் அப்படியே காய்ந்துவிட்டால் நல்லது என்று ஒரு மனது, வந்து தொலைத்தால் தேவலை என்று ஒரு மனது, இரண்டுக்கும் நடுவில் பத்து நாள் தாடி. காலையில் வெண்ணிதான் விரட்டினாள். "இந்த மூஞ்சியோட பேத்தியைத் தூக்கினா அது அலறுது. போய் மழிச்சுட்டு வாங்க" என்றாள். அவளுக்கு அவன் மூஞ்சியில் தாடி மட்டும்தான் தெரிந்தது. அது நல்லதுதான். இருபத்தேழு வருடம் பக்கத்தில் இருந்தவளுக்குத் தெரியாததைக் கண்ணாடியா காட்டிக் கொடுக்கப்போகிறது. இந்த நாற்காலிக்கு எதிரில் கண்ணாடியும் இல்லை, ஜன்னல்தான் இருந்தது, ஜன்னலுக்கு வெளியே ஏழாம் சரிவு இருந்தது, அதில் நூற்று நாற்பது வீடுகள் இருந்தன.

தோயன் முகத்தில் வெந்நீர்த் துணியைப் போட்டான். துணிக்குள் இருட்டும் சூடுமாக இருந்தது. இந்த நேரத்தில் ஊடொளி வந்துவிட்டால் என்று நினைத்ததும் நன்னன் துணியைப் பிடுங்கிவிட்டான். "சுடுதாண்ணே?" "ஆமா." சுடவில்லை. பதினோரு மூச்சு. அவ்வளவுதான் அது நிற்கும். மேகத்துக்கு அடியில் வெயில் சாய்ந்து விழுகிற மத்தியானத்தில், முன்னறிவிப்பு ஏதும் இல்லாமல், மலைக்கல் முழுக்கத் தண்ணீர் மாதிரித் தெளிந்துவிடும். கல் மட்டும்தான். மரம் மரமாகவே இருக்கும், துணி துணியாகவே இருக்கும், மனுஷர் மனுஷராகவே இருப்பார்கள். ஊரில் எல்லா வீடும் மலைக்கல்லில் கட்டியது என்பதால் கல் வேர்க்கத் தொடங்கியதும் குளியலறைகளில் துப்பட்டி தொங்கவிடுவார்கள், வசதியானவர்கள் பலகை அடித்துக்கொள்வார்கள், புதிதாகக் கல்யாணமானவர்களைப் பார்த்து எல்லாரும் சிரிப்பார்கள். அது ஊரார் பாடு. பார்வையர்களின் பாடு வேறு. மலையை ஒன்பது சரிவாகப் பிரித்து, ஒரு சரிவுக்கு ஒரு பார்வையர், ஊருக்குள் ஒன்பது மேடைகளில் நிற்பார்கள். கல் தெளிகிற அந்தப் பதினோரு மூச்சுக்குள் தன் சரிவின் வயிற்றுக்குள் விரிசல் இருக்கிறதா, நீர் நிற்கிறதா என்று மேலிருந்து கீழ் வரை பார்த்துவிட வேண்டும். ஒளி அணைந்ததும் வரிசையாகக் குரல் கொடுக்க வேண்டும். சுத்தம் என்றால் சுத்தம். அடுத்த ஊடொளி வரை, அது பத்து வருடமோ முப்பது வருடமோ, அந்த ஒரு சொல்லை நம்பித்தான் மேலே வீடு கட்டுவார்கள், தொட்டி கட்டுவார்கள், பிள்ளை பெறுவார்கள். நன்னன் இருபத்துநாலு வயதில் ஏழாம் மேடையில் ஏறினான். ஏறிய வருடமே ஒளி வந்தது. அதற்குப் பிறகு இருபத்தாறு வருடம் அதே மேடையில் நின்றான், வரவே இல்லை. முழங்கால் விட்டுப்போய் மேடையிலிருந்து இறங்கி இரண்டு வருடம் ஆகிறது, இப்போது கல் வேர்க்கிறது.

நுரை மூக்குக்குள் ஏறியது. தோயன் தோல்வாரில் கத்தியைத் தீட்டிக்கொண்டே பேசினான், அவனுக்குப் பேசாமல் கை ஓடாது. "அன்னைக்கு நான் சின்னப்புள்ளண்ணே, எங்கம்மா தூக்கிக் காட்டுச்சாம், நான் தூங்கிட்டேனாம். நீங்க மேடையிலேயே நின்னவங்க. உள்ள எப்படிண்ணே இருக்கும்?" தண்ணி மாதிரி இருக்கும் என்றான் நன்னன். அதைத்தான் இருபத்தெட்டு வருடமாக எல்லாரிடமும் சொல்லிவந்தான். மற்ற பார்வையர்கள் சொன்னதைக் கேட்டு, அதில் கொஞ்சம் எடுத்து, கொஞ்சம் மாற்றி, ஆழக் கிணறு மாதிரி, உள்ளே சிவப்பு நரம்பு ஓடும், பழைய கிளிஞ்சல் பதிந்திருக்கும் என்றெல்லாம். சொல்லிச் சொல்லி இப்போது அவனுக்கே அந்தச் சிவப்பு நரம்பு கண்ணில் தெரிந்தது. உண்மையில் தெரிந்தது என்ன. மேடையில் நின்றான், சரிவைப் பார்த்துத்தான் நின்றான், காலையிலிருந்து கண்ணைச் சிமிட்டக்கூட யோசித்துக்கொண்டு நின்றான், ஒரு நொடி, ஒரே நொடி, பார்வையைத் தாழ்த்தினான், அப்போது வந்தது. மேடைக்குக் கீழிருந்த வீட்டின் சுவர் இல்லாமல் போனது. உள்ளே ஒரு பெண் காலை நீட்டி உட்கார்ந்து மொச்சை உரித்துக்கொண்டிருந்தாள். தெருவெல்லாம் ஜனம் வெளியே ஓடிவந்து வாயைப் பிளந்து மலையைப் பார்க்கிறது, கூச்சல், அழுகை, கும்பிடுகிறவர்கள், அவள் மட்டும் தலையை நிமிர்த்தவில்லை. ஒரு காயைப் பிதுக்கினாள், கொட்டை தட்டில் விழுந்தது, தோலை இந்தப் பக்கம் போட்டாள், அடுத்த காயை எடுத்தாள். இவள் ஏன் பார்க்கவில்லை என்று நினைத்தான். அதை நினைக்க எத்தனை மூச்சு ஆகும். இரண்டு? அவன் மூச்சே விடாமல் நின்றிருந்தால் எண்ணுவது எப்படி. தலையைத் தூக்கியபோது பால் உறைவதுபோல மலை மூடிக்கொண்டிருந்தது.

ஒன்று, சுத்தம். இரண்டு, சுத்தம். குரல்கள் மேடை மேடையாக வந்தன. ஐந்து வரும்போது சொல்லிவிடலாம் என்று நினைத்தான், பார்க்கவில்லை என்று, அது ஒரு வார்த்தைதான். ஆறு, சுத்தம். அடுத்து அவன் முறை. ஒரு சின்ன இடைவெளி விழுந்தது. பிறகு தன் தொண்டையிலிருந்து சுத்தம் என்ற சொல் போவதைக் கேட்டான். யாரோ சொன்னது மாதிரித்தான் இருந்தது. எட்டாம் மேடையில் அந்துவள் நின்றிருந்தாள், அவள் குரல் கொடுக்குமுன் ஒரு தரம் திரும்பி அவனைப் பார்த்தாளோ என்று இன்றைக்கு வரை அவனுக்குச் சந்தேகம். இப்போது அவள் தலைப்பார்வையர். பார்த்திருந்தால் கேட்டிருப்பாள். அந்துவள் கேட்காமல் விடுகிற ஆள் இல்லை. மூன்று கொம்பு ஊதினார்கள். முதல் கொம்புக்கும் மூன்றாம் கொம்புக்கும் நடுவில் மறுத்துச் சொல்ல யாருக்கும் உரிமை உண்டு, பார்வையர்தான் என்றில்லை, யாருக்கும். யாரும் சொல்லவில்லை. அவனும் சொல்லவில்லை. மறுமாதம் அந்த வீட்டைத் தேடிப் போனான். எதற்குப் போனான் என்று கேட்டால், அவள் ஏன் நிமிரவில்லை என்று கேட்கப் போனான். "உலை கொதிச்சிருச்சு, மொச்சை போடணும்ல" என்றாள் வெண்ணி. கல்யாணத்துக்கு அவள் ஒப்புக்கொண்டதற்கு அவள் அப்பாவிடம் சொன்ன காரணம் ஊருக்கே தெரியும்: எல்லாரும் ஆன்னு நின்னப்போ வேலையைப் பார்த்த ஆளுப்பா அவரு.

"அண்ணே, ஆடாதீங்க" என்றான் தோயன். நாற்காலி ஆடுகிறது என்றான் நன்னன். இடது கன்னம் முடிந்தது. சரிவில் வீடுகளின் கூரைகள் வரிசை வரிசையாக ஏறின, ஐந்து வரிசை. மூன்றாம் வரிசையில் நீலக் கதவு அல்லியின் வீடு. அவன் மகள். முதல் பத்து வீடு எழும்பியபோது ஊர்க்கூட்டத்தில் எழுந்து, கொஞ்சம் பொறுத்துக் கட்டலாமே என்றான். ஏன் என்றார்கள். செங்குத்தாக இருக்கிறது, தண்ணீர் தூரம் என்றான். சிரித்தார்கள், நீங்கதானே சுத்தம்னு சொன்னீங்க, உங்களைவிடச் சரிவைத் தெரிஞ்சவங்க யாரு என்றார்கள். அது ஒரு மாதிரி மரியாதைதான். அப்புறம் அம்பது வீடு, அப்புறம் நூறு, அப்புறம் உச்சியில் தண்ணீர்த் தொட்டி. அல்லிக்கு வரன் அந்தச் சரிவிலிருந்து வந்தபோது அவன் சொல்லாத குறையில்லை, பையன் குள்ளம் என்றான், மாமியார் வாய் நீளம் என்றான், ஜாதகம் பார்க்காத வெண்ணியிடம் ஜாதகம் பார்க்கலாம் என்றான். "உங்களுக்கு மகளைக் கொடுக்க மனசில்லை, அதைச் சொல்லுங்க" என்றாள் வெண்ணி. ஆமாம் என்றான். நாலு வருடம் ஆகிறது. போகும்போதெல்லாம் கதவு ஒட்டாமல் மூடுகிறதா என்று பார்ப்பான். தரையில் ஒரு செம்பு தண்ணீரைக் கொட்டி எந்தப் பக்கம் ஓடுகிறது என்று பார்ப்பான். "அப்பா, ஒவ்வொரு தடவையும் ஏம்ப்பா தண்ணியைக் கொட்டறீங்க" என்று அல்லி துடைத்துக்கொண்டே கேட்பாள். கை தவறிவிட்டது என்பான். கை தவறுகிற வயது வந்துவிட்டது என்று அவள் வெண்ணியிடம் சொல்லியிருக்கிறாள். நூற்றுக்குத் தொண்ணூறு பங்கு ஒன்றும் இருக்காது. ஒன்பது சரிவில் எட்டு எப்போதும் சுத்தமாகத்தானே இருந்திருக்கிறது. இருபத்தெட்டு மழைக்காலம் தாண்டியாயிற்று. தாண்டியதால் இல்லை என்று ஆகுமா. பார்க்காததால் இருக்கிறது என்றும் ஆகாது. இந்த இடத்துக்கு வந்ததும் நினைப்பு செக்கு மாடு மாதிரித் திரும்பி முதல் மழைக்கே போய்விடும். ராத்திரியில் அவனுக்குக் கேட்பது மழைச் சத்தம் இல்லை, தன் குரல், அதற்கு முன்னால் விழுந்த அந்தச் சின்ன இடைவெளி.

தோயன் தாடையை நிமிர்த்திப் பிடித்தான். கத்தி தொண்டைக்கு வந்தது. வெயில் மேகத்துக்கு அடியில் புகுந்து கடைக்குள் விழுந்தது, சாய்ந்து, மஞ்சளாக, சோப்புக் கிண்ணத்தின் விளிம்பில். யாரோ தெருவில் ஓ என்றார்கள். ஜன்னலைச் சுற்றியிருந்த சுவர் இல்லை. தோயன் கையை எடுத்துவிட்டான், நல்லவேளை. நன்னன் கண்ணை நேராகச் சரிவின் உச்சியில் வைத்தான். ஒன்று. தண்ணீர் மாதிரி இல்லை. யாரும் சரியாகச் சொல்லவில்லை. தண்ணீருக்கு ஒரு மினுக்கு இருக்கும், இதில் அது இல்லை, மலை இருந்த இடத்தில் மலை இல்லை, மரங்கள் வேர் தொங்க அந்தரத்தில் நின்றன, தொட்டித் தண்ணீர் தொட்டியில்லாமல் சதுரமாக நின்றது. இரண்டு. "அண்ணே மீனு! கல்லுக்குள்ள மீனுண்ணே!" என்று தோயன் கத்தினான். நன்னன் மீனைப் பார்க்கவில்லை. மூன்று, நாலு. தொட்டியின் அடியில் நூல் ஒன்று தொங்கியது. அதைப் பிடித்துக்கொண்டு இறங்கினான். ஐந்து. நூல் நாடாவானது. சாய்ந்து இறங்கியது, முதல் வரிசைக்கு அடியில் ஒரு விரல் அகலம். ஆறு. ஏழு. இரண்டாம் வரிசை. எட்டு. மூன்றாம் வரிசைக்கு அடியில் உள்ளங்கை அகலம், அதற்குள் தண்ணீர் நின்றது, நிற்கவில்லை, அசைந்தது. மேலே பார்க்காதே என்று சொல்லிக்கொண்டான். மேலே பார்த்தால் அல்லி தெரிவாள், குழந்தை தெரியும், என்ன செய்துகொண்டிருக்கிறார்கள் என்று தெரியும். ஒன்பது. பார்க்கவில்லை. விரிசலின் கீழ்முனை நாலாம் வரிசை தாண்டி, ஐந்தாம் வரிசையின் கொல்லைப்புறத்தில் போய் முடிந்தது. பத்து. திரும்ப ஒரு தரம் மேலிருந்து கீழ். பதினொன்று. மூடிக்கொண்டது.

ஒன்று, சுத்தம் என்று தூரத்தில் குரல் வந்தது. தோயன் கடை வாசலில் நின்று அழுதுகொண்டிருந்தான். இரண்டு. மூன்று. நன்னனுக்கு மனசு லேசாகத்தான் இருந்தது, அதை அவன் பிறகு வெட்கத்தோடு நினைத்துக்கொண்டான். விரிசல் இருக்கிறது, கிள்ளி பார்த்திருப்பான், கிள்ளி சொல்லப்போகிறான், எல்லாரும் இறங்கிவிடுவார்கள், இருபத்தெட்டு வருடத்தில் கல் நகர்ந்திருக்கிறது என்று நினைத்துக்கொள்வார்கள். கிள்ளி இருபத்தாறு வயது, கெட்டிக்காரன், நன்னன்தான் அவனை ஏழாம் மேடையில் நிறுத்தப் பழக்கினான். ஐந்து. ஆறு, சுத்தம். பிறகு ஒன்றும் வரவில்லை. ஒரு சின்ன இடைவெளி. ஊரில் வேறு யாருக்கும் அது கேட்டிருக்காது, யாராவது இருமினால் மூடிப்போகிற அளவுதான். நன்னனுக்குக் கேட்டது. ஏழு, சுத்தம் என்றது கிள்ளியின் குரல். எட்டு, ஒன்பது. முதல் கொம்பு ஊதினார்கள். கிள்ளி எதைப் பார்த்துக்கொண்டிருந்தான் என்று நன்னன் பிறகும் அவனைக் கேட்டதில்லை. நாற்காலியிலிருந்து எழுந்தான். எழுந்தால் தெருவுக்குப் போக வேண்டும், தெருவில் நின்று கத்த வேண்டும், கத்தினால் எப்படித் தெரியும் என்பார்கள், உன் காலத்தில் சுத்தமாக இருந்ததே என்பார்கள். இரண்டாம் கொம்பு. தோயன் வாசலை அடைத்துக்கொண்டு நின்றான், அவனைத் தள்ளிவிட்டு நடுத்தெருவுக்கு வந்தான். முதல் தடவை காற்றுதான் வந்தது. அடுத்த தடவை குரல் வந்தது.

"ஏழு சுத்தமில்லை! ஏழாஞ்சரிவு சுத்தமில்லை! நிறுத்துங்க!"

மூன்றாம் கொம்பு ஊதவில்லை.

அந்துவள் எட்டாம் மேடையிலிருந்து இறங்கி வந்தாள். அறுபதைத் தாண்டியும் வேகமாகத்தான் நடந்தாள். பின்னால் கிள்ளி, முகம் வெளுத்து. அவள் கிள்ளியைக் கேட்கவில்லை. நன்னனிடம், "எங்க ஆரம்பம், எங்க முடிவு, எவ்வளவு அகலம்" என்று கேட்டாள். சொன்னான். மறுபடி சொல்லச் சொன்னாள், அதே மாதிரி சொன்னான். கூட்டம் கூடிவிட்டது. கூட்டத்தின் ஓரத்தில் வெண்ணி நின்றாள், கையில் பேத்தி, பேத்தியை யார் கீழே கொண்டுவந்தார்கள் என்று யோசித்தான், அல்லி காலையில் விட்டுப் போயிருக்க வேண்டும். அந்துவள் தலையசைத்துக் கேட்டுக்கொண்டாள். பிறகு, "நன்னா, இதைச் சொல்லு. போன தடவை நீ பார்த்தப்போ இது இருந்துதா?" என்றாள்.

இல்லை என்று சொன்னால் போதும். யாரும் மறுக்க முடியாது. இல்லை, அப்போது சுத்தமாக இருந்தது, அவ்வளவுதான், ஜனம் எப்படியும் இறங்கிவிடும். ஆனால் இருபத்தெட்டே வருடத்தில் மலை ஒரு உள்ளங்கை பிளந்தது என்று எழுதுவார்கள், அப்படி ஓடுகிற மலையில் எந்தச் சரிவிலும் யாரும் படுக்க முடியாது, ஒன்பது சரிவையும் காலி செய்வார்கள், கிழவர்களும் நோயாளிகளும் வெட்டவெளியில் மழையில் கிடப்பார்கள், அதுவும் அவன் ஒரு சொல்லால். இத்தனையும் அப்போதே யோசித்தானா, பிறகு யோசித்து அங்கே கொண்டுபோய் வைத்துக்கொண்டானா என்று அவனுக்கு நிச்சயமில்லை. வாயில் அந்தச் சொல் உருண்டதும் அதன் ருசி பழகிய ருசியாக இருந்தது, அதனால் துப்பிவிட்டான் என்பதுதான் உண்மைக்கு நெருக்கம்.

"தெரியாது" என்றான். "நான் பார்க்கலை."

"என்ன பார்க்கலை?"

"சரிவைப் பார்க்கலை. ஒளி வந்தப்போ வேற பக்கம் பார்த்துட்டிருந்தேன். பார்க்காமலேயே சுத்தம்னு சொன்னேன்."

கூட்டத்தில் ஒருத்தன், நான் எம் புள்ளைங்களை அங்கதான்யா படுக்க வச்சேன், என்றான், கத்தவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னான். இன்னொருத்தன் நன்னனின் தோளைப் பிடித்துத் தள்ளினான், அவன் சுவரில் போய் இடித்துக்கொண்டு நின்றான், சுவர் கெட்டியாக இருந்தது. அந்துவள் தள்ளியவனை விலக்கினாள். "அப்புறம் பேசுவோம். முதல்ல சரிவைக் காலி பண்ணுங்க. தொட்டியைத் திறந்து வடிங்க. பொழுது சாயறதுக்குள்ள ஒரு ஆள் மேல இருக்கக்கூடாது" என்றாள். அவனைத் திரும்பிப் பார்க்கவில்லை. மறுவாரம் பார்வையர் கல்லில் இருந்த அவன் பெயரை உளியால் கொத்தி எடுத்தார்கள். ஒன்பதாம் நாள் மழையில் சரிவின் மூன்று வரிசைகள் இறங்கின. வீடுகளில் ஆள் இல்லை, கட்டிப்போட்டு மறந்த ஒரு ஆடு மட்டும் போயிற்று. அதற்காக யாரும் அவனுக்கு நன்றி சொல்லவில்லை, அவனும் எதிர்பார்க்கவில்லை. பாதிப் பேர் இன்றும் அவனோடு பேசுவதில்லை.

அன்றைக்குப் பொழுது சாய்வதற்குள் நூற்று நாற்பது வீட்டுச் சாமானும் படி வழியாக இறங்க வேண்டியிருந்தது. நன்னன் மேலே ஏறினான், முழங்கால் ஒவ்வொரு படிக்கும் குத்தியது, யாரும் வழிவிடவும் இல்லை, தடுக்கவும் இல்லை. அல்லியின் வீட்டில் பெட்டிகள் போய்விட்டிருந்தன, மரக்கட்டில் மட்டும் மிச்சம். அல்லி அவனைப் பார்த்துவிட்டுக் குழந்தையின் துணிமூட்டையை எடுத்துக்கொண்டு வெளியே போனாள். வெண்ணி கட்டிலின் தலைமாட்டில் நின்றாள்.

"எதைப் பார்த்தீங்க?" என்றாள்.

அவன் கட்டிலின் கால்மாட்டுக்குப் போனான்.

"அன்னைக்கு. சரிவைப் பார்க்கலைன்னா எதைப் பார்த்தீங்க?"

"உன்னை" என்றான். "மேடைக்குக் கீழதானே உங்க வீடு. சுவர் தெளிஞ்சுது. நீ மொச்சை உரிச்சுட்டிருந்தே."

வெண்ணி அவனைப் பார்த்தாள். அவள் முகத்தில் என்ன ஓடியது என்று அவனுக்குப் படிக்கத் தெரியவில்லை, ஒரு கணம் சிரிக்கப்போகிறாள் என்றுகூட நினைத்தான், அவள் சிரிக்கவில்லை. தரையைப் பார்த்தாள், பாதத்தால் அதை ஒரு தரம் அழுத்திப் பார்த்தாள்.

"இதுக்கா" என்றாள். "இதுக்கா நூத்திநாப்பது வீடு. எம் பொண்ணை இதுமேலதான் படுக்க வச்சிருந்தீங்களா."

"ஆமா."

வெளியே யாரோ சீக்கிரம் சீக்கிரம் என்று கத்தினார்கள். வெண்ணி முந்தானையை இழுத்து இடுப்பில் செருகினாள். குனிந்து கட்டிலின் தலைப்பக்கத்தைத் தூக்கினாள், கனம் தாங்காமல் தோளுக்குக் கொடுத்துக்கொண்டாள். அவன் இன்னும் நின்றுகொண்டே இருந்தான்.

"அந்தப் பக்கம் பிடிங்க" என்றாள். "படியைப் பார்த்து இறங்குங்க."